அழ வந்த அண்ணன்

"நீங்க ஹரால்டுக்கு என்ன வேணும்?" என்று கறுப்பு உடையிலிருந்த விதவை மேவிஸ் கேட்டதும், லியோனல் டட்டன் கையிலிருந்த வெள்ளரிக்காய் சாண்ட்விச்சைக் கீழே வைத்தார்.

"அண்ணன்" என்று சொல்லிக் கேவினார்.

மேவிஸின் முகம் வெளுத்தது. "அவருக்கு அண்ணனே கிடையாதே."

அடடா, என்ன நடிப்பு! லியோனலுக்குப் புல்லரித்தது. காசில்லாத சின்னப் படங்களில் பிணமாகவும் பஸ் பயணியாகவும் காலம் தள்ளிய மனிதருக்கு இதுதான் முதல் பெரிய வேஷம். இந்த இயக்குநர் வசனமே எழுதமாட்டார். முகத்தைக்கூடப் பார்க்காமல், குரலை வைத்தே ஆளை எடுத்துக்கொண்டார். லீட்ஸில் இன்ன தெரு, சாவு வீடு, நீ பிரிந்துபோன அண்ணன், கேமரா இல்லாமல் முதலில் ஒத்திகை, நான் சொல்லும்வரை நிறுத்தாதே என்று போனில் சொன்னதோடு சரி.

இத்தனை வருஷம் ஏன் எட்டிப் பார்க்கவில்லை என்று மேவிஸின் தம்பி ரெஜி கேட்டார். சண்டை என்றார் லியோனல். எதற்குச் சண்டையாம்? லியோனல் விதவையின் கையைப் பற்றிக்கொண்டார்.

"எல்லாம் உன்னாலதான் மேவிஸ்."

பாதிரியார் சங்கடப்பட்டு ஜன்னல் பக்கம் திரும்பினார். லியோனலும் திரும்பினார். எதிர் வரிசையில், அச்சாக இதே மாதிரி ஒரு வீட்டுக்குள் படப்பிடிப்பு விளக்குகளைத் தூக்கிக்கொண்டு போனார்கள்.

பற்றியிருந்த கையைச் சட்டென்று விட்டார். இது அசல் சாவு. அசல் விதவை.

நழுவப் பார்த்து, ரயிலுக்கு நேரமாகிவிட்டது என்றார். அக்கா மேல் பழியைப் போட்டுவிட்டு எங்கே ஓடுகிறீர் என்று ரெஜி கதவை மறித்தார். எதிரே வேஷம் கைநழுவிக்கொண்டிருந்தது. வேறு வழியில்லாமல் உண்மையைக் கக்கினார்.

"மன்னிச்சிடுங்கம்மா. நான் அண்ணன் இல்ல, நடிகன். எதிர் வீட்டுக்குப் போகவேண்டியவன்."

"நடிகரா? எந்தப் படத்துல?" என்றார் ரெஜி.

ஒவ்வொன்றாகச் சொன்னார். ஒருவரும் ஒன்றையும் கேள்விப்பட்டதில்லை. மருமகள் போனில் ஒரு படத்தைத் தேடியெடுத்து, ஆற்றில் குப்புறக் கிடக்கும் முதுகு இவருடையதுதான் என்பதற்கு என்ன அத்தாட்சி என்று கேட்டாள்.

மேவிஸுக்கு மனசு இளகிவிட்டது. அந்தக் கேவலை யாராவது நடிப்பு என்பார்களா? செத்துப்போன மாமியார்தான் ஒரு மூத்த பிள்ளையை மறைத்திருக்கிறாள்.

"அதிர்ச்சியில புத்தி தடுமாறுது ரெஜி, அவரை அதட்டாத. நீங்க உக்காருங்க அத்தான்."

"நான் நிஜமாவே நடிகன்ம்மா" என்று கெஞ்சினார் லியோனல். பாவம் என்று எல்லோரும் உச்சுக் கொட்டினார்கள்.

அழைப்பு மணி அடித்தது. எதிர் வீட்டிலிருந்து ஒப்பனைக்கார அம்மாள், இடுப்பில் பிரஷ் பையோடு. லியோனலுக்குப் போன உயிர் வந்தது. ரெஜியைத் தள்ளிக்கொண்டு போய் அவள் முன்னால் நின்றார். அவள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

"துக்க வீட்டுல தொந்தரவு பண்றேன், மன்னிக்கணும். அண்ணன் வேஷத்துக்கு வரவேண்டிய நடிகன் வந்து சேரல, அவனைத் தூக்கியாச்சு. இனிமே நடிகனே வேணாம், நிஜமா அழுத முகமா ஒண்ணு கூட்டிட்டு வான்னுட்டார் இயக்குநர். கொஞ்ச நேரம் வர்றீங்களா ஐயா? உங்களுக்கு நடிக்கத் தெரியலேன்னாலும் பரவாயில்ல."