ஹெஸ்டர் பிளம்லிக்கு இரண்டு நிமிஷம்

ஆங்கில நடிகை ஹெஸ்டர் பிளம்லி இறந்துவிட்டாராம். போன சனிக்கிழமை மத்தியானம் எங்கள் பபேடான் பேட்டை டீக்கடையில் கோபிகிருஷ்ணன் சொன்னார். உண்மையா என்று விசாரிக்கத்தான் எழுந்தேன். கடை வாசலைத் தாண்டுவதற்குள் அஞ்சலியை எழுதி, போனில் ஊருக்கெல்லாம் அனுப்பியும் விட்டேன்.

எங்கள் இனம் அப்படி. முதல் அஞ்சலிக்காரர்கள். சாவுச் செய்தி காதில் விழுந்தால் மற்றவர்கள் ‘அடடா’ என்பார்கள்; நாங்கள் போனை எடுப்போம். துக்கம் பிறகு வரும், வராமலும் போகும். ‘ஈடு செய்ய முடியாத இழப்பு’ என்பதை அடுத்த தெருக்காரர் எழுதுவதற்குள் நாம் எழுதியாக வேண்டாமா?

பிளம்லியோ லேசுப்பட்டவர் இல்லை. ஐம்பது வருஷமாக, ஒரு படத்தில் ராணி, அடுத்ததில் அந்த ராணியின் குளியல் தொட்டியைத் தேய்க்கிற வேலைக்காரி, பிறகு ஜெயில் வார்டன், பாதிரியாரின் விதவை, விருந்தாளிகளுக்கு விஷம் வைக்கிற சமையல்காரி என்று மாறி மாறி வந்து, எது அவர் முகம் என்றே யாருக்கும் தெரியாமல் செய்துவிட்டவர். அஞ்சலியில் ஏழு வேஷங்களைப் புகழ்ந்திருந்தேன். நான்கு வேறு நடிகைகளுடையவையாம். பிற்பாடு தெரிந்தது.

அன்று மூன்று மணிக்குப் பவானி அக்கா வீட்டில் பிளம்லி படம். அக்கா பள்ளிக்கூட டீச்சர். பிளம்லி என்றால் உயிர். இந்தப் படத்தின் முடிவை மட்டும் இதற்கு முன் பார்த்த மூன்று தடவையும் மின்வெட்டு தின்றுவிட்டது. மீ என்று நாங்கள் சொல்கிற மின்சாரம் மூன்றுக்கு வந்தால் ஐந்துக்குப் போய்விடும். படம் சரியாக இரண்டு மணி நேரம்.

நான் எழுந்து நின்றேன். “பிளம்லி அம்மையாருக்கு ரெண்டு நிமிஷம் மௌனம்.”

“தம்பி, மீ போறதுக்குள்ள படம் முடியணும்.”

“ஒரு மகா கலைஞருக்கு ரெண்டு நிமிஷம் குடுக்கக் கூடாதாக்கா?”

கோபிகிருஷ்ணன் தம்பதி உட்பட எல்லோரும் எழுந்தார்கள். பக்கத்து வீட்டு ஜமால் இடுப்பு லோஞ்சியை இறுக்கிக் கட்டிக்கொண்டு தலை குனிந்தார்.

ஐந்து மணி. திரையில் பிளம்லி மாடிப்படி இறங்கி வந்து, கொலைகாரன் யார் என்று சொல்ல வாயைத் திறந்தார். மீ போனது.

இப்போது யாரும் கேட்காமலே மௌனம்.

ஜமால் போனைத் தடவிக்கொண்டிருந்தார். “அந்தம்மா நல்லாத்தான் இருக்காங்க. நேத்துகூடப் புதுப் படத்துல ஒப்பந்தமாம். செத்துட்டாங்கன்னு யாரு சொன்னது?”

கோபிகிருஷ்ணன் தம் மனைவி மாலாவைப் பார்த்தார். மாலா என்னைப் பார்த்தாள்.

“காலையில நீங்கதானே அண்ணே, ‘அந்தம்மா இன்னுமா இருக்கு’ன்னு கேட்டீங்க?”

பவானி அக்கா கத்தவில்லை. “என் ரெண்டு நிமிஷத்தைத் திருப்பிக் குடு.”

“எப்படிக்கா?”

“எதிர்ல உக்காந்து ரெண்டு நிமிஷம் வாயை மூடிக்கிட்டு இரு. போதும்.”

சிரிக்காதீர்கள். இதன் முதல் வரியைப் படித்ததுமே உங்கள் விரல் போன் பக்கம் நகர்ந்ததா இல்லையா? யாரிடமும் சொல்லமாட்டேன்.

அக்காவின் பாக்கி இன்னும் தீரவில்லை. தவணை முறைக்கு ஒப்புக்கொள்ள மாட்டாராம். நேற்று நாற்பது விநாடி வரை தாக்குப்பிடித்தேன். அதற்குள் தெருவில் யாரோ இன்னொரு நடிகருக்கு உடம்பு சரியில்லை என்றார்கள்.