போலீஸ் காவலில் உருகிய ஐஸ்

பெருமதிப்புக்குரிய பஞ்சநாதன் மாமாவுக்கு, தங்கள் அக்கா மகன் சசிதரன் வணக்கத்துடன் எழுதுவது. இங்கு அனைவரும் நலம், என் இடது கால் நீங்கலாக. அத்தைக்குச் சர்க்கரை குறைந்திருக்கும் என்று நம்புகிறேன்.

தாங்கள் உயர் நீதிமன்றத்தில் வாதாடி வாங்கித் தந்த உத்தரவின்படி இன்று காலை நம் ஐஸ் கம்பெனிக்குப் போலீஸ் பாதுகாப்பு வந்தது. வெளியாட்களைச் சுமை ஏற்ற விடாத லோடுமேன் சங்கத்தார் கேட்டைத் தாண்டக் கூடாது, வண்டியை மறிக்கக் கூடாது, யாரையும் மிரட்டக் கூடாது. தாண்டவில்லை, மறிக்கவில்லை, மிரட்டவில்லை. எதிர் டீக்கடையில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்தார்கள். சங்கத்துக்குப் பயப்படாத ஆட்கள் என்று நான் அம்பகரத்தூரிலிருந்து கூட்டிவந்த இரண்டு பேரும் காக்கிச் சட்டையைக் கண்டதும் ஏதோ கேஸ் என்று நினைத்து, வந்த பஸ்ஸிலேயே திரும்பிவிட்டார்கள். வேனில் ஏற வேண்டிய ஐஸ் பார்கள் வாசலில் கிடந்தன. ஏட்டு புகழேந்தியிடம் ஒரு கை பிடிக்கச் சொன்னேன்.

"தம்பி, ஆர்டர்ல பாதுகாப்புன்னுதான் இருக்கு. தூக்கணும்னு எங்க இருக்கு?" என்று நாற்காலியை நிழலுக்கு நகர்த்தினார். அதற்குள் காரைக்கால்மேட்டிலிருந்து செம்பியன் போன். நம்மிடம் ஐஸ் வாங்கும் ஏழு படகுக்காரர்களுக்கும் அவர்தான் பேசுகிறவர். "மதியத்துக்குள்ள ஐஸ் வருமா, இல்ல நாகப்பட்டினத்துலயே சொல்லிடவா? ஒருதடவ அங்க போனா அப்புறம் அங்கதான், பாத்துக்குங்க." அந்த ஏழு படகும் போனால் கம்பெனியை இழுத்து மூட வேண்டியதுதான். ஐஸ் சட்டத்துக்குக் கட்டுப்படாமல் உருகிக்கொண்டிருந்தது. நானே கொக்கியை எடுத்தேன். "தம்பி, அப்புடிப் புடிச்சா கால்லதான் விழும்!" என்று சங்கத் தலைவர் கருப்பையன் டீக்கடையிலிருந்து கத்தினார். விழுந்தது. டம்ளரைப் போட்டுவிட்டு ஓடிவந்த மனிதரை ஏட்டு கேட்டிலேயே மடக்கினார். "கருப்பையா, கோர்ட் ஆர்டர்!" "யோவ், அந்தப் புள்ள கால எடுக்கணும்யா!" "எடுக்கறதுன்னாலும் உள்ளதான வரணும்?" பாருக்கு அடியில் கிடந்தபடி, "விடுங்க சார்!" என்றேன். "அப்புறம் எங்க வேலைக்கு யாரு பதில் சொல்றது?" என்றார். டிரைவர் வந்துதான் பாரைப் புரட்டினார். போன மாதம் இதே சங்கத்தார், "கையி பத்திரம்" என்று மிரட்டி, வேன் டயரில் காற்றைப் பிடுங்கிவிட்டார்களே, அந்த டிரைவர்தான்.

மாமா, சங்கம் என்ற பெயரில் நடப்பது ரவுடித்தனம், அதில் எனக்குச் சந்தேகமில்லை. இந்த நாட்டில் காசுள்ளவன் கேட்டால் போலீஸ் கிடைக்கிறது, வேலை செய்ய ஆள் மட்டும் கிடைப்பதில்லை. ஆகவே 'பாதுகாப்பு' என்பதற்குப் பக்கத்தில் 'தேவைப்பட்டால் சுமக்கவும்' என்று சேர்க்க உடனே ஒரு மனுப் போடுங்கள். சமரசம் என்ற பேச்சுக்கே இடமில்லை.

அத்தைக்கு என் நமஸ்காரம், குழந்தைகளுக்கு என் அன்பு.

தங்கள் கீழ்ப்படிதலுள்ள
சசிதரன்

பின்குறிப்பு: மனுப் போட வேண்டாம். கடிதத்தை ஒட்டுவதற்குள் செம்பியன் மறுபடி போன் செய்தார், நான் நொண்டிக்கொண்டே டீக்கடைக்குப் போனேன். சங்கத்தார் வந்து ஏற்றி, ஒரு மணி நேரத்தில் ஐஸ் படகுகளுக்குப் போய்விட்டது. இங்கே சுமை தூக்குகிறவன் எவனாக இருந்தாலும் சங்கத்தில் சேர வேண்டும் என்பது அவர்கள் விதியாம். நான் தூக்கியதற்கு ஏட்டே சாட்சி சொன்னார். சேர்ந்துவிட்டேன். நாளை நம் கம்பெனி வாசலில் கையுறை கேட்டு ஆர்ப்பாட்டம். கொக்கி பிடித்து என் உள்ளங்கை இருக்கிற நிலையில் கோரிக்கை நியாயமானதுதான். போலீஸ் பாதுகாப்பை மட்டும் ரத்து செய்துவிடாதீர்கள். நான் வெளியே கோஷம் போடும்போது கல்லாவைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும்.