சூளை இல்லாத ஷெட்டுக்கு ஒரு சீல்

விருத்தாசலத்தில் பொம்மைக்கார அக்காவிடம் திட்டு வாங்காத அரசாங்க மேசை ஒன்றுகூடக் கிடையாது. மேசை என்றுதான் சொல்கிறேன். ஆளைத் திட்டினால் கேஸ் போடுவார்கள் என்று, மேசையைப் பார்த்துத்தான் அவர் திட்டுவார்.

நான் கோர்ட்டுக்கு எதிரே ஒரு வக்கீலிடம் டைப்பிஸ்ட். சென்ற மாசியில் ஒருநாள் துணிப்பையோடு உள்ளே வந்த அக்கா, என் மேசையிடம் ஆரம்பித்தார்.

"ஏய் மேச! சூளைப் பொகைன்னு ஆபீசருங்க வந்து எம் ஷெட்டுக்கு சீலு வச்சிட்டுப் போயிட்டாங்க. எம் ஷெட்டுல சூளையே இல்லியே, அது எப்பிடிப் பொகையும்?"

உண்மைதான். அங்கே அவர் பொம்மைகளை அச்சில் வார்த்துக் காயவைப்பதோடு சரி. சுடுவதெல்லாம் பொதுச் சூளையில். புகைந்தது பக்கத்து ஷெட். கொலுவுக்கு வார்த்த முந்நூறு பொம்மைகள் சுடாமல் உள்ளே மாட்டிக்கொண்டன. கூரையில் ஒரு ஷீட் வேறு உடைந்திருந்தது. மழை பெய்தால் அத்தனையும் கரைந்துவிடும்.

ஹைகோர்ட்டில் ரிட் போட்டோம். அக்காவோடு நானும் ரயிலேறினேன். சீலை எதிர்த்து முறையிட மேல்முறையீட்டு அதிகாரி இருக்கும்போது இங்கே ஏன் வந்தீர்கள் என்றார் நீதிபதி. வேறு வழி இருக்கிறது, மனு தள்ளுபடி. அதை எதிர்த்து அப்பீல் போட்டோம். இந்த முறை இரண்டு நீதிபதிகள் உட்கார்ந்து அதையே சொன்னார்கள். அந்த ஷெட்டில் சூளை இருக்கிறதா இல்லையா என்று ஒருத்தராவது கேட்க வேண்டாமா?

"ஏன் தம்பி, வூடு பத்தி எரியும்போது போனாலும் வேற வழி இருக்குதும்பாங்களா?" என்றார் அக்கா, திரும்பும் ரயிலில்.

சரி, அந்த வேறு வழிக்கே போனோம். அதிகாரியின் நாற்காலி காலி. மாற்றலாகிப் போனவர் இடத்துக்கு இன்னும் ஆள் போடவில்லையாம். கிளார்க் அலட்டிக்கொள்ளாமல் சொன்னார்: "அவசரம்னா ஹைகோர்ட்டுக்குப் போங்கம்மா."

எனக்கு ரத்தம் கொதித்தது. அக்காவோ, வீட்டில் மிச்சமிருந்த சுடாத செட்டியார் பொம்மை ஒன்றைப் பையிலிருந்து எடுத்து, கிளார்க்கின் தண்ணீர் டம்ளரில் போட்டார். மூக்கு கரைந்தது, தொந்தி கரைந்தது, கடைசியில் டம்ளர் நிறைய வெள்ளைச் சேறு.

"ஐயோ, குடிக்கிற தண்ணிம்மா!"

"வேற டம்ளரு இருக்குதுல்ல சார்? இதாங்க எங் கேஸு. மழ வரதுக்குள்ள பாருங்க."

யாரும் பார்க்கவில்லை. ஆவணியில் மூன்று நாள் விடாமல் பெய்தது. அதற்கப்புறம்தான் புது அதிகாரி வந்தார். சூளை இல்லாததைக் கண்ணால் பார்த்து, 'தவறுதலாக' என்று ஒரு வார்த்தை எழுதி சீலை எடுத்தார். ஒரே ஒரு வார்த்தை! இதை எழுத ஆறு மாதமா? நினைத்தால் இன்றைக்கும் பற்றிக்கொண்டு வருகிறது.

கதவைத் திறந்தால் தரையெல்லாம் சேறு. ஒரு பொம்மை மிஞ்சவில்லை. நான் அதிகாரியைப் பிடித்துக் கத்திக்கொண்டிருந்தேன். அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு, புடவையைத் தூக்கிச் செருகி, சேற்றை வாரித் தொட்டியில் போட ஆரம்பித்துவிட்டார்.

"வுடு தம்பி. சுட்டது ஒடஞ்சாத்தான் குப்ப. இது பச்ச மண்ணு, திரும்பவும் வார்த்துக்கலாம். கொலு போச்சு, கார்த்திகைக்கு வெளக்கு வார்க்கிறேன்."

நான் சட்டையைக் கழற்றி மாட்டிவிட்டு அவர் பக்கத்தில் குந்தினேன். அக்கா கூப்பிட்டால் இன்னும் எத்தனை கோர்ட்டுக்கு வேண்டுமானாலும் ரயிலேறுவேன்.