தோஹாவில் நின்றுபோகும் படம்

அன்பின் மச்சான் நஜீமுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். தோஹாவில் நீங்களும் பிள்ளைகளும் நலமாயிருக்க துஆச் செய்கிறேன். இங்கே உங்கள் தங்கை றாஹிலா சுகம். நான் மட்டும் சோறு இறங்காமல் திரிகிறேன். கைபேசியை நம்பப் பயந்து இதை அங்கே வரும் முபாறக்கிடம் கொடுத்தனுப்புகிறேன்.

அடுத்த மாதம் மக்காவுக்கு, உம்றாவுக்குப் போகிறேன் அல்லவா? போகுமுன் என் பிழைகளை மன்னித்துப் பொருந்திக்கொள்ளும்படி வீடு வீடாகப் போய்க் கேட்டேன். வேலிச் சண்டை பிடித்த அச்சிமுகம்மதுவே கட்டிப்பிடித்துப் பொருந்திக்கொண்டார். நிம்மதியாகத் திரும்பி வந்தால், மாப்பிள்ளை அஸ்கி டீவியில் ஏதோ செயலியைப் போட்டிருக்கிறார்; காசு கட்டாமலே உலகத்துச் சனல் எல்லாம் ஓடுகிறது. மற்றவர்களின் கடவுச்சொல்லை அது விடாமல் போட்டுப் பார்க்குமாம். எது திறக்கிறதோ அவர் கணக்கில் நாம் பார்க்கலாமாம். "ஆர்ட கணக்கு மகன்?" என்றேன். "ஆரோ வெளிநாட்டுல உள்ளவர், மாமா. அவருக்கென்ன குறையப்போகுது?" என்றார். யாரென்றே தெரியாதவரிடம் எப்படிப் பொருத்தம் கேட்பது? அதட்டவும் முடியாது, வீடு மகள் றஸ்னாவுக்குச் சீதனமாக எழுதிக்கொடுத்தது, இப்போது அவர்கள் வீட்டில்தான் நான் இருக்கிறேன். "வாப்பா கவலப்படுறார் எண்டு சொல்லு புள்ள" என்று மகளிடம் சொன்னேன். அவள் ஓம் என்றுவிட்டுத் தொடர் பார்க்க உட்கார்ந்தாள்.

அந்தச் செயலியை என் கைபேசியிலும் போட்டுத் தந்திருந்தார். இலவசமாக வந்தது சும்மா இருக்குமா? பள்ளிவாசல் வட்ஸ்அப் குறூப்பில், நம்பிக்கையாளர் சபையில் இருக்கிற என் பெயரில், அதுவே சூதாட்டத்துக்கு அழைப்பு அனுப்பிவிட்டது! சுபஹுத் தொழுகையில் என் பக்கத்தில் நிற்க ஆளில்லை. அச்சிமுகம்மது மட்டும் கிட்ட வந்து, "காக்கா, அதுல சேர்ற எப்பிடி?" என்று காதுக்குள் கேட்டார்.

பிறகுதான் அஸ்கி ஒப்புக்கொண்டார். ஆட்கள் தங்கள் தொலைபேசி எண்ணையே கடவுச்சொல்லாக வைப்பதால், அது முதலில் என் கைபேசியில் உள்ள எண்களைத்தான் போட்டுப் பார்த்ததாம். திரையின் மூலையில் கணக்குக்காரரின் பெயரைத் தேடிப் பார்த்தேன். நஜீம், தோஹா! மச்சான், கிரிக்கெட்டில் பந்து போட ஓடிவரும்போதெல்லாம் படம் நின்றுபோகிறது, கம்பனிக்காரன் கள்ளன் என்று ஏசினீர்களே, உங்கள் கணக்கில் நாங்களும் பார்த்ததால்தான் அது நின்றது, அந்தக் கள்ளன் நான்தான். வெட்கமாக இருக்கிறது. நானே டீவி வயரைப் பிடுங்கிவிட்டேன். பார்த்ததையெல்லாம் ஹலாலாக்கி என்னைப் பொருந்திக்கொள்ளுங்கள். கடவுச்சொல்லை உடனே மாற்றுங்கள்.

உங்கள் வீட்டில் பரக்கத் பெருக துஆவுடன்,
அபுல் ஹஸன்
மருதமுனை

பி.கு: கடிதத்தை ஒட்டுவதற்குள் றாஹிலா வயரை மாட்டிவிட்டாள். தொடரில் கல்யாணம் நடக்கப்போகிறதாம். "என்ட கூடப்பிறந்த காக்காட கணக்குத்தானே, அவர் பொருந்துவார்" என்கிறாள். நானும் கூட இருந்து பார்த்தேன். கடவுச்சொல்லை இப்போதைக்கு மாற்ற வேண்டாம். உம்றாவுக்கு இன்னும் ஒரு மாதம் இருக்கிறது; போகுமுன் இன்னொரு முறை பொருத்தம் கேட்டுக்கொள்கிறேன்.