முகம் போட்ட தாள்

தேர்தல் நெருங்கினால் தலைவருக்கு மக்கள் ஞாபகம் வரும். மக்கள் ஞாபகம் வந்தால் பத்திரிகை நடத்தத் தோன்றும். 'மக்கள் மூச்சு' நாளிதழ் இப்படித்தான் பிறந்தது.

ஆசிரியராக வந்தவர் அதுவரை கல்யாணப் பத்திரிகை அடித்துக்கொண்டிருந்தவர். அதுவும் பத்திரிகைதானே என்று சேர்த்துக்கொண்டார்கள். அவர் ஒப்புக்கொண்டதற்கு ஒரே காரணம், அவர் தெருக் குழாய். அது காற்றை மட்டும்தான் விட்டது. அவர் மனைவி அடுத்த தெருவிலிருந்து குடம் சுமந்தாள்.

"பேப்பரே உங்க கையில இருக்கு. நம்ம குழாயப் பத்தி நாலு வரி போட்டா கை சுளுக்கிக்குமா?"

போட்டார். முதல் பக்கத்தை நிறைத்த தலைவர் படத்தின் மூலையில். அச்சுக்குப் போகுமுன் தலைவர் பார்த்துவிட்டார்.

"யோவ் ஆசிரியரே, படத்துல என் காது எங்க?"

"அந்த இடத்துல குழாய்ச் செய்தி இருக்குங்க தலைவரே."

"குழாய்க்கு ஓட்டு இருக்கா?"

"இல்லீங்க."

"எனக்கு?"

"ஒண்ணு இருக்குங்க."

"அப்ப யாரு பெரியவன்?"

இதற்கு மேல் என்ன வாதாடுவது? காது உள்ளே வந்தது, குழாய் வெளியே போனது. அப்புறம் முகம் நாளொரு மேனியாக வளர்ந்தது. வானிலை அறிக்கை மட்டும் மூக்குக்கும் மீசைக்கும் நடுவில் உயிரைப் பிடித்துக்கொண்டு கிடந்தது.

அப்படியும் பத்திரிகை விற்றது. பொட்டலம் கட்டத் தாள் வேண்டாமா?

ஒருநாள் தலைவரே கடலை வாங்கினார். கூம்புக்குள்ளிருந்து அவருடைய கண் அவரையே முறைத்தது, இமையில் கடலைத் தோலோடு. மறுநாளே 'மாண்புமிகு முகப் பாதுகாப்பு அறிவிப்பு' வெளியானது. அதன்படி தலைவர் முகத்தைக் கிழிப்பதோ, மடிப்பதோ, அதன்மேல் உட்காருவதோ கூடாது. மீறினால் தொண்டர்கள் வீட்டுக்கே வந்து விளக்கம் கேட்பார்கள்.

விற்பனை படுத்தது.

"ஏண்ணே பேப்பர் வாங்கறதில்ல?" என்று ஆசிரியர் பக்கத்து வீட்டுக்காரரைக் கேட்டார்.

"போ தம்பி. என் மாமியாருக்கே நான் இவ்வளவு மரியாதை குடுத்ததில்ல."

விற்காத கட்டுகள் அலுவலகத்தை அடைத்தன. தலைவர் அவற்றைப் பார்த்துப் பூரித்தார்.

"பாத்தியா? என்னைத் தொடவே மக்களுக்குக் கை கூசுது!"

கணிப்பு சரிதான். தேர்தலன்றும் அவர் சின்னத்தை யாரும் தொடவில்லை.

"நாளையோட பத்திரிகைய மூடு," என்றார் தலைவர். "தோத்த மூஞ்சியப் போட்டு மானத்த வாங்காதே."

கடைசி இதழின் முதல் பக்கம் காலி. ஆசிரியர் பானை பானையாக எழுத்து வைத்து நாலு வரியில் அடித்தார்: 'எங்கள் தெருக் குழாயில் தண்ணீர் எப்போது?'

காலை வெயில் ஏறுமுன் ஒரு பிரதி மிச்சமில்லை! அவருக்கு நெஞ்சு விம்மியது. தெருவுக்கு ஓடினார். குழாயடியில் காலிக் குடங்கள் வரிசையாக இருந்தன. குடத்துக்குப் பக்கத்தில் நின்ற ஒவ்வொருவர் கையிலும் அவருடைய முதல் பக்கம்.

"எல்லாரும் படிச்சீங்களா?"

"எதை?" என்றார் பக்கத்து வீட்டுக்காரர், வாய் நிறைய மென்றுகொண்டே.

கடலைக்காரர் தள்ளுவண்டிக்குப் பின்னாலிருந்து கும்பிட்டார். "ரொம்ப நாள் கழிச்சு இன்னைக்குத்தான் சார் மூஞ்சி இல்லாத பேப்பர் வந்திருக்கு. ஒரு கட்டு விடாம அள்ளிட்டேன். பயமில்லாமச் சுருட்டலாம் பாருங்க."

ஆசிரியரின் மனைவி கடைசிக் கடலையை வாயில் போட்டுக்கொண்டு, நாலு வரியையும் கசக்கிக் குழாயடியில் எறிந்தாள். நெஞ்சைத் தட்டிக்கொண்டாள்.

"என்னங்க, விக்குது. எங்கயாவது ஒரு வாய் தண்ணி கிடைக்குமா பாருங்க."