யாரு கவனிக்கப் போறா?

இந்தப் பூமியில் 'யாரு கவனிக்கப் போறா' பேர்வழிகள் என்று ஓர் இனம் உண்டு. கேக் கருகினால் கருகிய பக்கத்தைச் சுவரைப் பார்க்கத் திருப்பி வைப்பார்கள். வேலிக்கு வண்ணம் பூசினால் தெருப்பக்கம் மட்டும் பூசுவார்கள். இரங்கல் கடிதத்தில் பழைய பெயரை அடித்துவிட்டுப் புதிய பெயரை எழுதுவார்கள். இவர்களின் தலைமகனிடம் நான் மூன்று வருஷம் வேலை பார்த்தேன். பெயர் ஆர்வில் ப்ரூவெட். லாஸ் ஏஞ்சலஸுக்கு வெளியே புழுதிக் குன்றுகளில் கௌபாய் படம் எடுப்பவர். ஒரே கதாநாயகன், ஒரே குதிரை, ஒரே கதை. வருஷத்துக்கு எட்டுப் படம், படத்துக்கு ஆறு நாள்.

என் வேலை என்ன தெரியுமா? கவனிப்பது! முந்தின காட்சியில் தொப்பி எந்தப் பக்கம் சாய்ந்திருந்தது, துப்பாக்கி எந்தக் கையில் இருந்தது என்று நோட்டில் குறிப்பது. யாரும் கவனிக்க மாட்டார்கள் என்று நம்புகிறவர் அதற்கு ஓர் ஆளை ஏன் வைத்தார் என்று கேட்காதீர்கள். பெரிய கம்பெனிகளில் வைத்திருந்தார்கள், அதனால் வைத்தார்.

இரண்டாம் உலக யுத்தம் வந்ததும் அவருக்கு ஒரே கொண்டாட்டம்; எதைக் குறைத்தாலும் யுத்தத்தின் மேல் பழியைப் போடலாமே! வாலிபர்களெல்லாம் ராணுவத்துக்குப் போய்விட்டதால் எங்கள் கொள்ளைக்காரர்கள் அத்தனை பேருக்கும் அறுபது வயது. குதிரையில் ஏற்ற ஓர் ஆள் வேண்டும், இறக்க இரண்டு ஆள் வேண்டும். பெட்ரோல் ரேஷன் என்பதால் தூரத்து மலைக்குப் போக வழியில்லை. ஆகவே துரத்தல் முழுவதும் ஒரே பாறையைச் சுற்றித்தான். கொள்ளைக்காரர்களாக ஒரு சுற்று வருகிற அதே ஆறு பேர், தொப்பியை மாற்றிக்கொண்டு ஷெரீப்பின் ஆட்களாக மறு சுற்று வந்து, தங்களைத் தாங்களே பிடித்துச் சிறையில் அடைப்பார்கள்.

"சார், அந்தப் பாறை நாலாவது தடவை வருது."

"பாறைக்கென்னம்மா குறைச்சல்? யாரு கவனிக்கப் போறா?"

"வில்லன் ஜெர்மன் ஒற்றன்னு சொல்றீங்க. கதை நடக்கறது எழுபது வருஷத்துக்கு முன்னாடி."

"சீக்கிரமே வந்துட்டான்னு வெச்சுக்கோயேன்!"

இந்த லட்சணத்தில் எங்கள் கதாநாயகன் லைல் டாக்கெட்டுக்கு ராணுவத்திலிருந்து அழைப்பு வந்தது. கடைசி நாள். கதாநாயகி வேலியோரம் கையசைக்க, அவர் குதிரையில் போகும் காட்சி பாக்கி. வாயில் விரலை வைத்தாலும் கடிக்கத் தெரியாத மனிதர் அவர். அன்றைக்குத் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு வந்து நின்றார்.

"சார், போறதுக்கு முன்னாடி என் முகத்தைக் கிட்டத்துல ஒரு தடவை எடுத்துருங்க. படம் பூரா மூஞ்சில தொப்பி நிழல்தான் விழுது. நெப்ராஸ்காவுல எங்கம்மா பாப்பாங்க. நான் திரும்பி வர்ற வரைக்கும் அவங்களுக்கு இதுதான் இருக்கு."

"பிலிமுக்கே ரேஷன்பா! முதுகு போதும், நல்ல முதுகு உனக்கு."

அந்த முதுகையும் எடுக்கவில்லை. வெயில் சரியாக வருவதற்குள் லைலின் பஸ் வந்துவிட்டது. சமையல்காரர் கஸ்ஸுக்கு லைலின் சட்டையை மாட்டிக் குதிரையில் ஏற்றினார் ப்ரூவெட். நான் நோட்டில் 'சரி' என்று எழுதினேன். சம்பளம் வாங்குகிற கை.

நான்கு மாதம் கழித்து லைலின் அம்மாவிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. "கடைசியில் குதிரையில் போவது என் மகன் இல்லை. அவன் பத்து வயதில் ஆப்பிள் மரத்திலிருந்து விழுந்தான். இடது தோள் இறங்கியிருக்கும். இந்த ஆளுக்கு இரண்டும் சரியாக இருக்கின்றன. ஆறு வாரமாக அவனிடமிருந்து கடிதமும் இல்லை. அவனுக்கு ஏதோ ஆகிவிட்டது, அதை மறைக்கத்தான் வேறு ஆளை வைத்தீர்களா?"

ஓடிப்போய்க் கடிதத்தைக் காட்டினேன். ப்ரூவெட்டுக்கு? முகமெல்லாம் சிரிப்பு.

"நாடு பூரா ஓடியிருக்கு, ஒரே ஒரு ஆளுதான் கவனிச்சிருக்கு பாத்தியா வெர்னா! சரி, லைல் எழுதின மாதிரி நீயே ஒண்ணு எழுதிப் போட்டுரு."

"பெத்தவளுக்குப் பிள்ளை கையெழுத்து தெரியாதா சார்?"

"டைப் அடிம்மா. யாரு கவனிக்கப் போறா?"

நோட்டை அவர் மூஞ்சியில் எறிந்துவிட்டு வெளியே வந்தேன் என்று நினைக்கிறீர்களா? டைப் அடித்தேன். தபால் தாமதம் அம்மா, நான் சௌக்கியம், நீங்கள் வேளாவேளைக்குச் சாப்பிடுகிறீர்களா, குளிரில் வெளியே போகாதீர்கள் என்று உருகி உருகி அடித்தேன். முடித்தபோது எனக்கே கண் கலங்கியது.

பதில் மகனுக்கு வரவில்லை, எங்கள் ஆபீசுக்கு வந்தது. "இதை டைப் அடித்தவருக்கு. என் மகன் நல்லவன்தான். ஆனால் இருபத்தெட்டு வருஷத்தில் ஒரு நாளும் நான் சாப்பிட்டேனா என்று கேட்டதில்லை. அவன் எழுதும்வரை நீங்கள் எழுதுங்கள். சாப்பிட்டாயா என்று யாராவது கேட்டால் நன்றாகத்தான் இருக்கிறது."

எழுதினேன், வாரம் ஒன்று. லைலின் நிஜக் கடிதம் ஏழு வாரம் கழித்துத்தான் அந்த அம்மாவுக்குப் போய்ச் சேர்ந்தது. இரண்டே வரி என்று அவரே எனக்கு எழுதியிருந்தார்: "உயிரோடு இருக்கிறேன். புகையிலை அனுப்பு."

நீங்கள் ப்ரூவெட் இனம் இல்லை என்று தலையாட்டுகிறீர்கள். ரொம்பச் சந்தோஷம். ஆனால் போன வாரம் உங்கள் அம்மா ஏதோ சொல்லிக்கொண்டிருக்க, பத்திரிகையிலிருந்து கண்ணை எடுக்காமல் நீங்கள் 'ம், ம்' என்றீர்களே? அவர் கவனித்தார். சொல்லவில்லை, அவ்வளவுதான்.