தணிகாசலம் வீட்டில் இல்லை

"ஏங்க, சின்னதுரையும் அவர் சம்சாரமும் பழத்தட்டோட வந்துகினு இருக்காங்க!"

லட்சுமியம்மாள் ஜன்னல் வழியாகப் பார்த்துச் சொன்னதுதான் தாமதம், தணிகாசலம் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு உள்ளறை நெல் மூட்டைகளுக்குப் பின்னால் போய்ப் பதுங்கிவிட்டார்.

"நான் ஊட்ல இல்லன்னு சொல்லு. ஊத்துக்கோட்டைக்குப் போய்க்கிறாருன்னு சொல்லு."

"இன்னாத்துக்குப் பொய்யி? நெலத்தக் குடுக்க இஷ்டமில்லன்னு மூஞ்சிக்கு நேரா சொல்லிடுங்களேன்."

அதுதான் அவரால் ஆகாத காரியம். கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையின் மதிலை ஒட்டியிருந்த தன் வயலைச் சின்னதுரைக்கு விற்பதாக அக்ரிமெண்ட் போட்டு, அட்வான்ஸும் வாங்கியாயிற்று. மகன் பரத் திருநின்றவூரில் ஃப்ளாட் வாங்கலாம் என்று நச்சரித்த வேகத்தில் போட்ட கையெழுத்து. ஃப்ளாட்டைப் போய்ப் பார்த்த பிறகுதான் அவருக்கு உறைத்தது. வயல் வரப்பில் நின்றால் அவர் ஒரு ஆள். அங்கே போனால் பால் பாக்கெட் வாங்கிவரும் கிழவர், அவ்வளவுதான்.

நிலத்தை விட மனமில்லை. ஆனால் சின்னதுரையின் அப்பா அதே வயலில் கூலிக்கு வேலை செய்தவர். மகன் இன்று இரும்பு கம்பெனியில் ஃபோர்மேன். அந்த மகனிடம் போய், கொடுத்த வாக்கை வாபஸ் வாங்குகிறேன் என்று எந்த முகத்தோடு சொல்வது? சொல்ல வாய் வரவில்லை. மூட்டைக்குப் பின்னால் ஓடக் கால் மட்டும் வந்தது.

"இன்னிக்கு வரமாட்டாரா? பரவால்ல, உக்கார்றோம்," என்றார் சின்னதுரை வாசலில்.

உட்கார்ந்தவர்கள் எழுந்திருக்கிற வழியாக இல்லை. நெல் தூசி மூக்கில் ஏற, தணிகாசலம் வீடே அதிரும்படி ஒரு தும்மல் போட்டார்.

"உள்ள யாரும்மா?" என்றாள் சின்னதுரையின் மனைவி சாராள்.

"பூனை," என்றாள் லட்சுமியம்மாள்.

பூனை இன்னொரு முறை தும்மி, "ஸ்ஸ்... முருகா" என்றது.

சின்னதுரை விருட்டென்று எழுந்து போய்விட்டார். தட்டும் அவரோடு போயிற்று. பத்திரம் பதிய நாள் குறிக்கத்தான் வந்திருப்பார்கள், தப்பித்தோம் என்று தணிகாசலம் துண்டை உதறிக்கொண்டு வெளியே வந்தார்.

அடுத்ததாக வக்கீல் நோட்டீஸ் வரப்போகிறது என்று காதில் விழுந்தது. பக்கத்து வீட்டுக் கோபாலிடம் யோசனை கேட்டார். கோபால் பொன்னேரி கோர்ட்டு வாசலில் டீ குடித்தே சட்டம் படித்தவர்.

"ரிஜிஸ்டர் தபால் வந்தா கை நீட்டாத நைனா. வாங்கினாத்தானே பேஜாரு?"

தபால்காரப் பெண் நர்மதா வந்தாள். "ஐயா, உங்களுக்குத்தான்."

"தணிகாசலம் ஊட்ல இல்லம்மா."

"நீங்கதானே தணிகாசலம்?"

"நான் அவனுக்கு அண்ணன்."

"உங்களுக்குத்தான் அண்ணனே இல்லியே," என்ற நர்மதா, உறையின் மேல் 'வாங்க மறுத்தார்' என்று எழுதிக்கொண்டு போனாள். மறுத்தாலும் வாங்கிய கணக்குதான் என்று பிற்பாடு கோர்ட்டு சொல்லிவிட்டது.

ஒப்புக்கொண்டபடி நிலத்தை எழுதித்தரச் சொல்லி வழக்கு வந்தது. கோபால் மறுபடியும் டீயை உறிஞ்சினார்.

"அது என் கையெழுத்தே இல்லன்னு ஒரே போடா போட்டுடு நைனா."

போட்டார். ஜட்ஜ் ஒரு வெள்ளைத் தாளை நீட்டி, "எங்கே, உங்கள் கையெழுத்தைப் போடுங்கள் பார்க்கலாம்," என்றார். கோணல்மாணலாகக் கிறுக்கிவிட வேண்டும் என்றுதான் தணிகாசலம் வந்திருந்தார். ஆனால் பால் சொசைட்டித் தலைவராக வருஷக்கணக்கில் கையெழுத்துப் போட்ட கை அது. பேனா தாளைத் தொட்டதும் தானாக ஓடியது. யானைத் தும்பிக்கை மாதிரி ஒரு சுழி, கீழே ஒரு கோடு, கோட்டுக்கடியில் இரண்டு புள்ளி. அக்ரிமெண்டில் இருந்தது அச்சாக அப்படியே வந்து நின்றது.

ஜட்ஜ் இரண்டு தாளையும் பார்த்தார். பிறகு தணிகாசலத்தைப் பார்த்தார். தணிகாசலத்தின் சொந்த வக்கீல் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார்.

தீர்ப்பு சின்னதுரை பக்கம் ஆனது.

"ஆனா இன்னா? பத்திர ஆபீஸுக்குப் போயி நான் கையெழுத்துப் போட்டாத்தானே பத்திரம்? போவ மாட்டேன்!"

"நீ போவலன்னா உனக்குப் பதிலா கோர்ட்டே போட்டுக் குடுத்துடும் நைனா," என்றார் கோபால்.

"இத ஏன்யா மொதல்லயே சொல்லல?"

"நீ கேக்கலியே."

பதிவு நாளன்று தணிகாசலத்துக்கு வீட்டில் இருப்புக்கொள்ளவில்லை. கும்மிடிப்பூண்டி பத்திர ஆபீஸ் எதிரில் புங்க மரத்தடியில் போய் நின்றார். உள்ளே யாரோ ஒரு கோர்ட்டு ஊழியர் அவருக்குப் பதிலாகக் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். தன் நிலம் தன்னைக் கேட்காமலே போவதைத் தெருவில் நின்று பார்ப்பது போன்ற கொடுமை வேறில்லை. ஒரே ஒரு முறை எதிரே உட்கார்ந்து பேசியிருந்தால், கையைப் பிடித்துக் கெஞ்சியாவது பார்த்திருக்கலாம் என்று தோன்றியது.

வெளியே வந்த சின்னதுரை அவரைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் வண்டி எடுக்கப் போனார். சாராள் மட்டும் நின்றாள். ஜெயித்தவள் முகமாக அது இல்லை.

"நெலத்து மேல உங்களுக்கு இம்மாம் ஆசைன்னு எனக்குத் தெரியாதும்மா," என்றார் தணிகாசலம்.

"ஆசையாவது ஒண்ணாவது. எங்கள வாசல்ல உக்கார வச்சிட்டு நீங்க உள்ள ஒளிஞ்சிகினீங்க பாருங்க, அந்த ரோஷந்தான் இவர இத்தினி தூரம் இஸ்துகினு வந்துச்சு."

"ரெஜிஸ்டர் பண்ணச் சொல்லி நெருக்க வந்தீங்கன்னு நெனச்சேம்மா."

சாராள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"பொண்ணுக்கு நர்ஸிங் சீட்டு கெடச்சிருக்கு, ஃபீஸ் கட்டணும், நெலம் வேணாங்கய்யா, அட்வான்ஸத் திருப்பிக் குடுங்க, அக்ரிமெண்ட்டக் கிழிச்சிடலாம்னு கேக்கத்தான் அன்னிக்கு வந்தோம்."